சிரட்டை கவிழ்த்த பாத்தி

என் மகளுக்கு,

நீ இன்னும் பிறக்கவில்லை. எனக்கே இன்னும் பதினைந்து முடியவில்லை. ஆனாலும் இந்தக் கடிதம் உனக்குத்தான். நீ வளர்ந்து, என் உயரத்துக்கு வந்து, என்னை எதிர்த்துப் பேசத் தொடங்கிய பிறகு படிக்க வேண்டியது. விளக்கைத் தகரப் பெட்டிக்குப் பின்னால் மறைத்து, திரியைக் குறைத்து வைத்து எழுதுகிறேன். மண்ணெண்ணெய்க்கு அலைகிற இந்தக் காலத்தில் இப்படி விளக்கு எரிப்பது அப்பாவுக்குத் தெரிந்தால் திட்டு விழும். ஆனால் எனக்குத் திட்டைவிடப் பெரிய பயம், என்ன எழுதுகிறாய் என்று அவர் கேட்டுவிடுவாரோ என்பது. இதில் அவரைப் பற்றி ஒரு விஷயம் வருகிறது. அதை நான் பார்த்துவிட்டேன் என்று அவருக்குத் தெரியவே கூடாது.

பிறக்காத பிள்ளைக்கு எதற்கு இப்போதே கடிதம் என்று நீ சிரிப்பாய். இது எங்கள் தமிழ் சாரின் வேலை. அவர் யாழ்ப்பாணத்துக்காரர். நான் பள்ளிக்கூடம் போன கடைசி வெள்ளிக்கிழமை, மணி அடிக்கப் போகிற நேரத்தில் சொன்னார்: "பிள்ளையள், உங்களுக்கு ஒரு மகனோ மகளோ இருக்கெண்டு நினைச்சுக்கொண்டு ஒரு கடிதம் எழுதிக்கொண்டு வாங்கோ. வளர்ந்த பிள்ளைக்குத் தாய் தகப்பன் எழுதுற மாதிரி இருக்க வேணும்." கடைசி வரிசை வாங்கிலிருந்து ஒருவன், "சார், பொண்டாட்டியே இல்லாம புள்ளைக்கு எப்பிடி சார் எழுதுறது?" என்று கேட்டான். சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "உன்ர வாய்க்கு ஒருத்தியும் வரமாட்டாள், தம்பி. அதாலைதான் சொல்லுறன், கடிதத்தையாவது எழுதி வை" என்றார். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்துக்கொண்டே பஸ் ஏறினேன். அந்தக் கடிதத்தை நான் அப்போது எழுதவேயில்லை. அன்று ராத்திரியே அம்மாவுக்கு இடுப்பு வலி எடுத்துவிட்டது.

நாங்கள் இருக்கிற ரப்பர் தோட்டத்து லொறியில் அம்மாவைக் கரவனெல்ல ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். உன் மாமன் அங்கேதான் பிறந்தான். தம்பி நல்ல கனம். அம்மாதான் வெளுத்துப்போய், கிழிந்த துணி மாதிரி வீட்டுக்கு வந்தாள். நிறைய இரத்தம் போய்விட்டதாம். அங்கிருந்த நர்ஸ் நோனா சொன்னதை அம்மா அப்படியே சிங்களத்தில் சொல்லிக்காட்டினாள்: "'தவசட்ட பித்தரெக்'னு சொன்னாங்க. ஒரு நாளைக்கு ஒரு முட்டையாம். ரெண்டு மூணு மாசத்துக்கு விடாம திங்கணுமாம். நான் என்ன, தொரையூட்டு அம்மாவா?" அம்மா சிரித்தாள். அப்பா சிரிக்கவில்லை. அவர் வெளியே போய் நம் கோழிகளை ஒருமுறை பார்த்துவிட்டு வந்தார்.

நம் கோழிகள் நான்கு. கருப்பி, மொட்டைக்கழுத்தி, போன வருஷத்துக் குஞ்சுகளாக இருந்து இப்போது முட்டை வைக்கத் தொடங்கிய இரண்டு சிவப்பிகள். நம் வரிசை வீடுகள் இருக்கிற லயத்துக்குப் பின்னால், மழைத்தண்ணீர் ஓடுகிற கான் கரையை ஒட்டி, தோட்டம் நமக்குக் கொடுத்த சின்னத் துண்டு நிலம் இருக்கிறது. மேலே மரவள்ளி, கீழே நீளமாக ஒரு வத்தாளைப் பாத்தி, சர்க்கரைவள்ளிக் கிழங்கு. இந்த வருஷம் அரிசியும் மாவும் கிடைக்கிற கதை உனக்குத் தெரியாது. உனக்குத் தெரியவே வேண்டாம். சங்கக்கடையில் விடிய விடிய வரிசையில் நின்றும் வெறும் பையோடு திரும்பிய நாட்கள் உண்டு. அப்படிப்பட்ட நாட்களில் அவித்த கிழங்கும் சம்பலும்தான் நம் சோறு. ஆக, முட்டையும் வேண்டும், கிழங்கும் வேண்டும். ஆனால் கோழிக்கும் கிழங்குப் பாத்திக்கும் ஒத்துப்போகாது. மரவள்ளியைக் கோழியால் ஒன்றும் செய்ய முடியாது, அது தடிபோல் நிற்கும். வத்தாளைக் கொடி அப்படியல்ல. நட்ட புதிதில் வேர் மேல்மண்ணிலேதான் ஓடும். கருப்பி வந்து நான்கு தடவை காலால் சீய்த்தால் ஒரு வாரத்து நடவு வானத்தைப் பார்த்துக் கிடக்கும்.

இரண்டு தடவை அப்படி நடந்தது. இரண்டாவது தடவை அப்பா பாத்தியின் ஓரத்தில் வெகுநேரம் நின்றார். பிறகு என்னைப் பார்க்காமல், கானைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "அம்மா அடுத்த மாசம் பால் வெட்டப் போயிருவா. தம்பியப் புள்ளக்காம்பராவுல பாத்துக்குவாங்க. வீட்டுல ஒரு ஆளு இருந்து இதுகள வெரட்டணும். நீ நாலெழுத்துப் படிச்சாச்சு. போதும்."

கோபமாகச் சொல்லியிருந்தால் நான் அழுதிருப்பேன். அவர் ஒரு கணக்கைச் சொல்வது போல அமைதியாகச் சொன்னார். எனக்கும் அந்தக் கணக்கு புரிந்தது. கோழியை விற்றால் அம்மாவுக்கு முட்டை இல்லை. பாத்தியை விட்டால் எல்லோருக்கும் சாப்பாடு இல்லை. வீட்டில் இல்லாவிட்டாலும் சமாளிக்கக்கூடிய ஒரே பொருள் என் பள்ளிக்கூடம்தான். நம் லயத்தில் எட்டாம் வகுப்பைத் தாண்டிப் பஸ்ஸில் போய்ப் படித்தவள் நான் ஒருத்திதான் என்பதால், நான் நின்றுபோனது யாருக்கும் வித்தியாசமாகத் தெரியவில்லை. இவ்வளவு நாள் போனதுதான் அவர்களுக்கு வித்தியாசம்.

அன்றிலிருந்து ஒரு நீளக் கம்போடு பாத்தி ஓரத்தில் உட்கார்ந்தேன். மகளே, கோழி விரட்டுவது சுலபமான வேலை என்று நினைக்காதே. இந்தப் பக்கம் விரட்டினால் அந்தப் பக்கம் வரும். கம்பை ஓங்கினால் கொஞ்ச தூரம் ஓடி, கழுத்தைச் சாய்த்து உன்னைப் பார்க்கும். நீ ஒரு கணம் புத்தகத்தைத் திருப்பினால் போதும். லயத்தில் பக்கத்துக் காம்பராவில் குடியிருக்கிற செல்லாயி அத்தை தண்ணீர்க் குடத்தோடு போகும்போதெல்லாம் ஒரு சொல் சொல்லிவிட்டுத்தான் போவாள். "என்னடி வாத்தியாரம்மா, இன்னிக்கு எத்தன கோழி பாசாச்சு?" என்பாள். "கால்ல ஒரு கட்டையக் கட்டி விடு, அப்பறம் பாரு, நொண்டிக்கிட்டு ஒரு மூலையில ஒக்காந்துக்கும்" என்று ஒரு வழியும் சொன்னாள். கட்டிப் பார்த்தேன். கருப்பி கட்டையையும் இழுத்துக்கொண்டு பாத்தி முழுக்க நடந்தாள். முன்னே கால் கிளறியது, பின்னே கட்டை உழுதது. அவிழ்த்துவிட்டேன்.

பிறகு நானே ஒரு யோசனை செய்தேன். விவசாயப் பாடத்தில், பாத்தியைக் காய்ந்த இலையால் மூடினால் மண் காயாது, பாதுகாப்பாகவும் இருக்கும் என்று எழுதியிருந்தேன். அப்போது ரப்பர் மரங்கள் இலையுதிர்த்த சமயம். மலை முழுக்கச் செம்பழுப்பு இலை. மூன்று சாக்கு நிறைய அள்ளிவந்து, ஒரு கொடியும் தெரியாதபடி பாத்தியை மூடிவிட்டேன். கண்ணுக்குத் தெரியாததைக் கோழி எப்படிக் கிளறும் என்று நினைத்தேன். மறுநாள் தண்ணீர் பிடிக்கப் போய் வந்தேன். நம் நான்கு கோழிகள் மட்டுமில்லை, லயத்துக் கோழி எல்லாமே அங்கே இருந்தது. இலை பறக்கிறது, மண் பறக்கிறது, சேவல் ஒன்று நடுவில் நின்று எல்லோரையும் கூப்பிடுகிறது. செல்லாயி அத்தை குடத்தை இறக்கிவைத்து வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். "அடியே, சொல்லாம கொள்ளாம கோழிகளுக்கு விருந்து வச்சிருக்க! எங்கூட்டு சேவலுக்கும் பந்தியில எடம் குடுத்தியே, நல்லாயிருப்ப!" எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று சாயங்காலம் அப்பா புதுக்கொடி வெட்டி நட்டார். நான் பக்கத்தில் நின்று தண்ணீர் ஊற்றினேன்.

ஆனால் அந்த விருந்தைத்தான் நான் பிறகு யோசித்துக்கொண்டே இருந்தேன். அவை கொடியைத் தின்னவில்லை. ஒரு இலையைக்கூடக் கொத்தவில்லை. இலைக்குக் கீழே ஒளிந்திருந்த பூச்சியையும் கரையானையும்தான் தேடின. அந்த வாரம் மாவனல்லையிலிருந்து சைக்கிளில் கூடை கட்டிக்கொண்டு கோழி வாங்க வருகிற முஸ்லிம் வியாபாரி நானா வந்தார். கருப்பியைக் கண்டதும் அவர் கண் அவள் மேலேயே நின்றுவிட்டது. "மகள், இந்தக் கறுப்பக் குடுங்க. நல்ல வெல தாறன்" என்றார். கொடுக்கமாட்டேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அதனால், "வேணாம் நானா, அது சரியான கிளறி. பாத்திய நாசமாக்கிறும். கிளறாத கோழியா வேற எடத்துல பாருங்க" என்றேன். அவர் கூடையைச் சரிசெய்துகொண்டே சிரித்தார். "கெளறாத கோழிய நான் கூடைக்குள்ள போடவே மாட்டன் மகள். அது சீக்குக் கோழி. ரெண்டு நாள்ல மவுத்தாப் போகும்." அவருக்கு அது வியாபாரப் பேச்சு. அவர் போன பிறகு நான் கம்பைக் கீழே போட்டுவிட்டேன். கோழி இருக்கிறவரை கிளறத்தான் செய்யும். எங்கே கிளற வேண்டும் என்பதை மட்டும்தான் நாம் முடிவு செய்ய முடியும்.

பாத்தியிலிருந்து மிச்ச இலையெல்லாம் வாரி, கானுக்கு அந்தப் பக்கம் பலா மரத்தடியில் குவித்தேன். மரவள்ளித் தோலையும் தேங்காய்ப்பூச் சக்கையையும் அதற்குள் புதைத்தேன். ஒரு நாள்விட்டு ஒரு நாள் கம்பால் புரட்டிவிட்டேன், அடியில் ஈரம் சேர்ந்து புழு வரட்டும் என்று. உச்சி வெயிலில் அவை மண்ணில் புரண்டு குளிக்கும், அதற்கும் குழி பறிக்கும். அதற்காகக் கூரை விளிம்பின் கீழ், மழை படாத இடத்தில், அடுப்புச் சாம்பலையும் சலித்த மண்ணையும் கொட்டி வைத்தேன். பாத்திக்குக் காலையில் தண்ணீர் ஊற்றுவதை நிறுத்தினேன். காலை ஈரம் புழுவை மேலே கொண்டுவருகிறது, கோழியைக் கூப்பிடுகிறது. கோழி கூடடைந்த பிறகு ஊற்றினேன். எல்லாம் செய்தும் ஒரு குறை இருந்தது. புதிதாகக் கொத்திய மண்ணைக் கண்டால் கருப்பிக்கு மட்டும் கால் நிற்காது. குவியலில் வயிறு நிறைந்த பிறகும், ஒரு தடவை வந்து பாத்தியைச் சீய்த்துப் பார்த்துவிட்டுத்தான் போவாள்.

அதற்கு வழி அம்மாவின் பையிலிருந்து வந்தது. அம்மா திரும்பவும் பால் வெட்டத் தொடங்கியிருந்தாள். ரப்பர் மரத்தில் பால் பிடிக்கக் கட்டுகிற தேங்காய்ச் சிரட்டை கீறல் விட்டால் அதைக் கழற்றி எறிந்துவிட்டு வேறு மாட்டுவார்கள். ஒருநாள் அம்மா அப்படி ஒன்றை அடுப்பு மூட்ட எடுத்துவந்தாள். நான் சும்மா அதைப் பாத்தியில் கவிழ்த்து வைத்தேன். கருப்பி வந்தாள். கால் வைத்தாள். நகம் வழுக்கியது. இன்னொரு தடவை சீய்த்தாள். வழுக்கியது. அவமானப்பட்டவள் போல உடம்பை உதறிக்கொண்டு பலா மரத்தடிக்குப் போய்விட்டாள். நான் அம்மாவிடம் ஓடினேன். "எத்தன வேணும்?" என்று மட்டும் கேட்டாள். மறுநாள் கங்காணியிடம் கேட்டு, தன் நிரையிலும் பக்கத்து நிரைகளிலும் எறிந்து கிடந்த உடைசல் சிரட்டையெல்லாம் பொறுக்கிக் கட்டி, பால் வாளியின் பாரத்தோடு அதையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு இறங்கிவந்தாள். ரத்தம் குறைந்த உடம்பு என்று சொன்னேனே, அந்த உடம்போடு. ஒரு நாள் இல்லை, பாத்தி நிறையும்வரை. செல்லாயி அத்தைகூட, வாய் ஓயாமல் என்னைக் கிண்டல் செய்துகொண்டே, தன் பங்குக்கு ஒரு கட்டுக் கொண்டுவந்து போட்டாள். "இந்தா, இதையும் கவுத்து. படிச்சு பெரிய ஆளானதும் இந்த அத்தைய மறந்துறாத. எங்கூட்டு சேவலையும்தான்" என்றாள். ஒவ்வொரு கொடியைச் சுற்றியும் இடைவெளி இல்லாமல் சிரட்டைகளைக் கவிழ்த்தேன். பார்ப்பதற்குப் பாத்தி முழுக்க ஆமைகள் படுத்திருப்பது போல இருந்தது.

நான் அப்பாவிடம் எதுவும் கேட்கவில்லை. கேட்கத் தைரியம் இல்லை. அம்மாதான் கிழங்கு பரிமாறும்போது கேட்டாள்: "பாத்திய இனிமே பாத்துக்கிட்டு இருக்கத் தேவையில்லைங்க. புள்ளைய ஸ்கூலுக்கு அனுப்பலாமே." அப்பா மென்றுகொண்டே இருந்தார். பிறகு சொன்னார்: "சனிக்கெழம ஒரு நாள் யாருமே வீட்டுல இருக்க வேணாம். கோழிய அவுத்து விட்டுட்டுப் போவோம். பாத்தி அப்படியே இருந்துச்சுன்னா திங்கக்கெழம போகட்டும். ஒரு கொடி வெளிய கெடந்தாலும் பேச்சு இல்ல."

நேற்றுத்தான் அந்தச் சனிக்கிழமை. தம்பியைப் புள்ளக்காம்பராவில் விட்டுவிட்டு, நான் அம்மாவோடு மலைக்குப் போனேன். அம்மா வெட்டிய மரங்களிலிருந்து நான் பால் எடுத்தேன். என் கை மரத்தில் இருந்ததே தவிர, நினைப்பு முழுக்க அந்தப் பாத்தியில்தான். காகம் கத்தினால்கூடக் கோழி கொக்கரிப்பது போலக் கேட்டது. பால் நிறுக்கிற இடத்தில் கூட்டமாக இருந்தது. "நீ முன்னால போடி, நான் நிறுத்துட்டு, தம்பிய எடுத்துக்கிட்டு வர்றேன்" என்றாள் அம்மா. நான் ரோட்டு வழியே வராமல், தண்ணீர் பிடிக்கிற பீலிக்கு மேலே போகிற குறுக்குப் பாதையில் ஓடினேன். அங்கிருந்து பார்த்தால் நம் பாத்தி நேர் கீழே தெரியும்.

அப்பா அங்கே இருந்தார். மலையில் அவருக்குக் கான் வெட்டு வேலை சீக்கிரம் முடிந்திருக்க வேண்டும். பாத்தியின் கீழ் மூலையில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். அவருக்குப் பக்கத்தில் சிரட்டைகள் புரண்டு கிடந்தன. மூன்று நான்கு கொடிகள் வேர் தெரிய வெளியே கிடந்தன. கருப்பி கொஞ்சம் தள்ளி நின்று அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என் கால் அப்படியே நின்றுவிட்டது. எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன்.

அப்பா ஒரு கொடியை எடுத்தார். விரலால் குழி செய்து, வேரை உள்ளே வைத்து, மண்ணை அணைத்தார். அடுத்ததை எடுத்தார். பேசிக்கொண்டே செய்தார். கருப்பியிடம்தான் பேசினார், மேலே எனக்குக் கேட்கிற சத்தத்தில். "ஏண்டி, ஒரு நா... ஒரே ஒரு நா ஒன்னால சும்மா இருக்க முடியலையா? புள்ள படிப்பக் கெடுக்கப் பாக்குறியே." பிறகு சிரட்டைகளை ஒவ்வொன்றாக எடுத்து, நான் வைத்தது போலவே விளிம்போடு விளிம்பு சேர்த்துக் கவிழ்த்தார். கிளறிய மண்ணை உள்ளங்கையால் தடவி மட்டமாக்கினார். எழுந்து நின்று பார்த்தார். ஏதோ திருப்தி இல்லாமல் திரும்பவும் குனிந்து ஒரு சிரட்டையைச் சரிசெய்தார். நான் சத்தம் போடாமல் பின்னால் நடந்து, வந்த வழியே திரும்பி, ரோட்டு வழியாகச் சுற்றிக்கொண்டு அம்மாவோடு சேர்ந்து வந்தேன்.

வாசலில் அவர் பீடி பற்ற வைத்துக்கொண்டு நின்றார். "பாத்தி அப்படியே இருக்கு. ஒரு கொடி அசையல. திங்கக்கெழம கெளம்பு" என்றார். அம்மா அவர் கையைப் பார்த்தாள். நகக்கண் எல்லாம் கறுப்பு மண். "கையில என்னங்க?" என்றாள். "கான் வெட்டுனேன்ல" என்றார். மலையில் கான் வெட்டினால் சிவப்பு மண்தான் ஒட்டும். வருஷக்கணக்காக அடுப்புச் சாம்பல் போட்டுக் கறுத்த மண் நம் பாத்தியில் மட்டும்தான் இருக்கிறது. அம்மாவுக்கு அது தெரியாமல் இருக்காது. செம்பை எடுத்து அவர் கைக்குத் தண்ணீர் ஊற்றினாள்.

நாளைக்குத் திங்கட்கிழமை. எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது. வகுப்பு இடாப்பில் என் பெயரை வெட்டியிருப்பார்களோ என்று பயம். விட்ட பாடங்களைப் பிடிக்க முடியாதோ என்று பயம். நான் பஸ் ஏறிய பிறகு கருப்பி திரும்பவும் அந்த மூலைக்குப் போவாளோ என்று பயம். விடிந்ததும், காரணம் ஒன்றும் சொல்லாமல், அந்தக் கீழ் மூலையில் மட்டும் சிரட்டையை இரண்டு வரிசையாகக் கவிழ்த்துவிட்டுப் போகப் போகிறேன். தமிழ் சாருக்கு வேறு ஒரு கடிதம் எழுதியாகிவிட்டது. அதில் நேர்மை, ஒழுக்கம், நேரம் தவறாமை எல்லாம் இருக்கிறது. அவருக்கு அது பிடிக்கும். இது அவருக்கு இல்லை.

இது உனக்கு. ஏனென்றால் எனக்கு இன்னொரு பயமும் இருக்கிறது, அது என்னைப் பற்றியது. அப்பாவும் அம்மாவும் எனக்குச் செய்ததை இந்த ராத்திரியில் நினைத்தால் நெஞ்சு நிறைந்துபோகிறது. ஆனால் நானும் ஒருநாள் களைத்துப்போய் வேலையிலிருந்து வருவேன். என் வீட்டிலும் அரிசி குறையும், ஒரு குழந்தை அழும், பார்த்துக்கொள்ள ஆள் இருக்காது. அப்போது நான் உன்னைப் பார்க்காமல், வேறு எங்கோ பார்த்துக்கொண்டு, "நீ படிச்சது போதும்" என்று அமைதியாகச் சொல்லக்கூடும். அப்படிச் சொன்னால் என்னோடு சண்டை பிடிக்காதே. அழவும் வேண்டாம். இதை எடுத்துவந்து எனக்கு வாசித்துக் காட்டு. அதற்குப் பிறகும் நான் அசையாமல் இருந்தால், நேரே உன் தாத்தாவிடம் போ. அவரிடம் நான் எழுதியது எதையும் சொல்லாதே. கோழி பாத்தியைக் கிளறிவிட்டது என்று மட்டும் சொல். மிச்சத்தை அவர் பார்த்துக்கொள்வார்.

உன் அம்மா